முதலில் மடையை அடை

தஞ்சாவூர் பழைய பேருந்து நிலையத்தில் திருவையாறு வண்டி ஏறினால் அரை மணி நேரப் பயணம். அந்தச் சிறு தொலைவுக்குள் ஐந்து பாலங்கள். கரந்தை பக்கம் வடவாறு, பள்ளியக்கிரகாரத்தில் வெண்ணாறு, பிறகு வெட்டாறு, குடமுருட்டி, கடைசியில் காவிரி. ஊர்ப் பெயரே அந்தக் கணக்கைத்தான் சொல்கிறது. ஆவணி மாதத்துக் காலை ஒன்றில் அப்படிப் போய்க்கொண்டிருந்தபோது எங்கள் பேருந்துக்கு முன்னால் ஒரு பெட்ரோல் டேங்கர் ஊர்ந்துகொண்டிருந்தது. வெண்ணாற்றுப் பாலத்தில் எதிரே ஒரு நெல் லாரி. இரண்டும் ஒதுங்க இடமில்லாமல் எல்லாரும் நின்றோம்.

பக்கத்து இருக்கையில் இருந்த பெரியவர், டேங்கரின் முதுகில் ஒட்டியிருந்த பலகையைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

“அது என்னங்க தம்பி, மூணு ஒய் இ? வண்டி நம்பரா?”

“இல்லிங்கய்யா. உள்ள இருக்கறது கொட்டிடுச்சுன்னா என்ன செய்யணும்னு தீயணைப்புக்காரங்களுக்கு எழுதி வச்சிருக்கறது.”

“கொட்டுனா வாய்க்கால்ல எறங்கிடுமே. அதுக்கு ஏதும் எழுத்து இருக்கா?”

எனக்கு உடனே பதில் வரவில்லை. அவர் குடமுருட்டிக்கு முன்பே இறங்கிவிட்டார். வீட்டுக்கு வந்து பார்த்தபோது தெரிந்தது, அவர் கேட்டதற்கு ஓர் எழுத்து இருக்கத்தான் செய்கிறது. அது அந்தப் பலகையின் நட்ட நடுவிலேயே இருந்தது.

அந்தப் பலகையை முதலில் வாசிப்போம். 1989-ஆம் ஆண்டின் மத்திய மோட்டார் வாகன விதிகள், அபாயப் பொருள் ஏற்றும் ஒவ்வொரு வண்டியும் இந்தத் தகவல் பலகையைச் சுமக்க வேண்டும் என்கின்றன. பொருளின் பெயர் 50 மில்லிமீட்டருக்குக் குறையாத உயரத்தில் இருக்க வேண்டும். அபாய வகையைக் காட்டும் சாய்சதுரப் படம் 250 மில்லிமீட்டருக்குக் குறையக் கூடாது. அவசரத்துக்கு அழைக்க வேண்டிய தொலைபேசி எண்களும் இருக்க வேண்டும். இவற்றோடு ஐக்கிய நாடுகள் அவை தந்த நான்கு இலக்க எண் ஒன்றும் இருக்கும். 1203 என்றால் பெட்ரோல். 1202 டீசல், 1075 சமையல் எரிவாயு, 1267 கச்சா எண்ணெய், 1005 அம்மோனியா, 1017 குளோரின். உலகின் எந்தச் சாலையிலும் இந்த எண்ணுக்கு இதே பொருள்தான்.

அதற்கு மேலே இருக்கும் ‘3 ஒய் இ’ வேறு கதை. 1970-களில் லண்டன் தீயணைப்புப் படையினர் வகுத்த ‘ஹாஸ்கெம்’ என்ற குறியீடு அது. புகைக்கு நடுவே நிற்பவருக்குப் புத்தகம் புரட்ட நேரமிருக்காது என்பதால் இரண்டு மூன்று எழுத்துகளில் எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறார்கள். முதலில் வரும் எண் எதைக் கொண்டு அணைப்பது என்று சொல்லும். 1 என்றால் நீர்த்தாரை, 2 என்றால் நீர்ப்புகை, 3 என்றால் நுரை, 4 என்றால் தண்ணீரே ஆகாது. கடைசியில் ‘இ’ இருந்தால் சுற்றியிருக்கும் மக்களை வெளியேற்றுவது பற்றி யோசி என்று பொருள். நடுவிலிருக்கும் எழுத்து மூன்று சேதிகளைச் சொல்கிறது: என்ன உடை போட வேண்டும், பொருள் வெடித்துச் சீறுமா, கொட்டியதைத் தண்ணீர் விட்டுக் கழுவலாமா அல்லது அணைகட்டி நிறுத்த வேண்டுமா. பி, ஆர், எஸ், டி என்றால் கழுவலாம். டபிள்யூ, எக்ஸ், ஒய், இசட் என்றால் நிறுத்தியே ஆக வேண்டும். ‘ஒய்’ இரண்டாவது கூட்டத்தில் இருக்கிறது. வாய்க்காலில் இறங்க விடாதே. பெரியவர் கேட்ட எழுத்து அதுதான்.

ஆனால் இந்தக் குறியீடு பிறந்த ஊரில் சாலைக்குப் பக்கத்தில் இருந்தது நகராட்சிச் சாக்கடை. அடர் கந்தக அமிலத்துக்குக் குறியீடு ‘2 பி’. நீர்நிலையைக் கெடுக்காதபடி, ஏராளமான தண்ணீர் விட்டுக் கழுவித் தள்ளலாம் என்று அதற்கு அர்த்தம். லண்டனில் அது சரி. இங்கே எங்கே தள்ளுவது? காவிரிப் படுகையில் ஓர் ஊரின் வடிகால் அடுத்த ஊரின் பாசன வாய்க்கால். மேல் வயலில் வடிந்த தண்ணீரைக் கீழே ஒரு மதகு பிடித்துக்கொள்ளும். அந்தத் தண்ணீரிலேயே மாடு குளிக்கும், பிள்ளைகள் குதிக்கும், வாத்துக் கூட்டம் மேயும். கழுவித் தள்ளலாம் என்ற வகையே இந்த மண்ணில் கிடையாது. எல்லாமே நிறுத்தும் வகைதான்.

கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று தண்ணீர் நான்காகப் பிரிகிறது. கல்லணைக் கால்வாய் மேட்டூர் அணையோடு 1934-இல் வந்தது. இன்றும் அதைப் புது ஆறு என்றுதான் சொல்கிறார்கள். இந்த நான்கிலிருந்து கிளை ஆறு, அதிலிருந்து வாய்க்கால், வாய்க்காலிலிருந்து கன்னி வாய்க்கால் என்று பிரிந்து கடைசியில் ஒருவருடைய வயலின் மடையில் போய் முடிகிறது. ஆட்சியாளர்கள் மாறி மாறிக் கட்டிய இந்த ஏற்பாடு எதற்காக? ஓரிடத்தில் விட்ட நீரைக் கூடியமட்டும் அதிகப் பரப்புக்குக் கொண்டு சேர்ப்பதற்காக. விட்டது தண்ணீரா டீசலா என்று அது பார்க்காது. சாலைகளும் பெரும்பாலும் ஆற்றங்கரையையும் வாய்க்கால் கரையையும் பிடித்துக்கொண்டே ஓடுகின்றன, ஏனென்றால் வெள்ளத்தில் மூழ்காத மேடு கரை ஒன்றுதான். லாரி கவிழ்ந்தால் உருளும் பக்கம் பாதி வேளைகளில் தண்ணீர்ப் பக்கம்.

எவ்வளவு பரவும்? நெற்றியில் கை வைக்கச் செய்யும் கணக்கு இது. ஒரு லிட்டர் எண்ணெய், மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு கனத்தில் நீர்மேல் பரவினால் 1,000 சதுர மீட்டரை மூடும். நம் கணக்கில் முக்கால் மா. தண்ணீரில் வானவில் நிறம் காட்டும் எண்ணெய்ப் படலத்தின் கனம் ஏறக்குறைய இந்த அளவுதான். 12,000 லிட்டர் டேங்கர் ஒன்று முழுவதும் அப்படிப் பரவினால் 1,200 ஹெக்டேர். ஏறத்தாழ 445 வேலி. நிஜத்தில் அவ்வளவு சீராகப் பரவாது. கோரையில் சிக்கும், கரையில் ஒட்டும், பெட்ரோலாக இருந்தால் பாதி வழியிலேயே ஆவியாகும். டீசலும் கச்சா எண்ணெயும் அவ்வளவு எளிதில் போவதில்லை.

டெல்டா விவசாயிக்கு இது புதுச் சேதியே இல்லை. நெற்பயிரில் கூண்டுப்புழு வந்தால் தேங்கிய நீரில் கொஞ்சம் மண்ணெண்ணெய் ஊற்றி, இரண்டு பேர் இரு வரப்பிலும் நின்று பயிரின்மேல் கயிறு இழுப்பார்கள். தண்ணீரில் விழுந்த புழு மூச்சு முட்டிச் சாகும். அதன்பின் நீரை வடித்துவிடுவார்கள். எத்தனை சிறிய அளவு எண்ணெய் எத்தனை பெரிய வயலை மூடுகிறது என்று அந்தக் கயிற்றைப் பிடித்தவருக்குத் தெரியும். வடிக்காமல் விட்டால் அதே படலம் நீருக்குள் காற்று இறங்குவதையும் தடுக்கும் என்பதும் தெரியும்.

இனி இந்த அத்தியாயத்தில் எனக்குப் பிடித்த பகுதி. ஷட்டர்.

நம் மதகுகளின் கதவு கீழிருந்து மேலே தூக்கப்படுவது. தண்ணீர் கதவின் அடியில் புகுந்து போகிறது. எண்ணெய் மிதக்கும். எனவே கதவின் கீழ் விளிம்பு நீருக்குள் அமிழ்ந்திருக்கும்படி இறக்கி வைத்தால், தண்ணீர் அடியில் போய்க்கொண்டிருக்கும், எண்ணெய் கதவுக்குப் பின்னால் தேங்கி நிற்கும். எண்ணெய்க் கசிவை நிறுத்த உலகெங்கும் ஓடைகளில் மண்ணைக் குவித்து, அடியில் குழாய் செருகி அவசர அணை போடுகிறார்கள். அதே வேலையைச் செய்யும் கருவி இங்கே ஒவ்வொரு மதகிலும் கல்லும் இரும்புமாக ஏற்கெனவே நிற்கிறது. ஒரு நிபந்தனை உண்டு. தண்ணீர் சுழித்துக்கொண்டு போனால் எண்ணெயையும் கீழே இழுத்துவிடும். ஆகவே மேலே இருக்கும் ரெகுலேட்டரில் முதலில் நீரைக் குறைக்க வேண்டும். குறைக்காமல் கீழே அடைத்தால் கரை உடையும்.

தேங்கிய எண்ணெயை எடுக்க வைக்கோல் இருக்கிறது. 1969-இல் அமெரிக்காவின் சாண்டா பார்பரா கடற்கரையில் கச்சா எண்ணெய் ஒதுங்கியபோது அதன்மேல் வைக்கோலைத்தான் கொட்டி உறிஞ்சி எடுத்தார்கள். அவர்கள் லாரியில் வரவழைத்தார்கள். நமக்குப் போர் போராகக் கிடக்கிறது. வைக்கோல் பிரியைக் கயிற்றில் கட்டி வாய்க்காலின் குறுக்கே போட்டால் ஒரு தடுப்பு. ஊறி அமிழ்வதற்குள் வாரிவிட வேண்டும் என்பதுதான் சூட்சுமம். இதெல்லாம் டீசலுக்கும் கச்சா எண்ணெய்க்கும். பெட்ரோல் என்றால் யாரும் வைக்கோலோடு கிட்டே போகக் கூடாது. பெட்ரோல் உறைகுளிரிலேயே எரியக்கூடிய ஆவியை விடும் பொருள். அந்த ஆவி காற்றைவிட மூன்று நான்கு மடங்கு கனம்; வாய்க்கால் பள்ளத்திலேயே படுத்துக் கிடக்கும். கரையில் ஓடும் டீசல் பம்பு செட்டின் புகைக்குழாய்ப் பொறி ஒன்று போதும்.

மிதக்காதவற்றுக்கு இந்த வித்தை செல்லாது. அமிலம் நீரில் கலந்துவிடும். அம்மோனியாவும் அப்படித்தான். ஒரு லிட்டர் தண்ணீர் பல நூறு லிட்டர் அம்மோனியா வாயுவைக் கரைத்துக்கொள்ளும். நாகப்பட்டினம் கடலோரத்து ஐஸ் தொழிற்சாலைகளைக் குளிர்விப்பது அந்த அம்மோனியாதான். யூரியாவே அதிலிருந்துதானே வருகிறது, வயலுக்கு நல்லதுதானே என்று ஒருவர் என்னிடம் கேட்டார். உப்பும் சாப்பாட்டுக்கு நல்லதுதான், ஒரு படி உப்பைத் தின்ன முடியுமா என்று சொல்லித் தப்பித்தேன். கட்டுக்கடங்காத அம்மோனியா கலந்த நீரில் மீன் பிழைக்காது, பயிர் கருகும். இங்கே கதவை முழுக்க இறக்க வேண்டும். ஒரு விரல் இடைவெளிகூட இருக்கக் கூடாது. மதகில் நிற்பவருக்கு இந்த வேறுபாட்டைச் சொல்லக்கூடிய ஒரே பொருள், கவிழ்ந்து கிடக்கும் வண்டியின் முதுகிலுள்ள அந்த நான்கு இலக்க எண்.

இந்தப் பக்கத்தில் அப்படி நடந்திருக்கிறதா? சாலையில் ஓடும் டேங்கரைப் போலவே மண்ணுக்கடியில் ஓடும் குழாயும் ஒரு வண்டிதான். நரிமணம், குத்தாலம், கோவில்களப்பால் என்று படுகை முழுதும் எண்ணெய்க் கிணறுகள். நாகப்பட்டினம் அருகே பனங்குடியில் 1993-இல் ஆண்டுக்கு 5 லட்சம் டன் கொள்ளளவில் ஒரு சுத்திகரிப்பு ஆலை வந்தது. இவற்றை இணைக்கும் குழாய்கள் நெல் வயலுக்கு அடியில் போகின்றன. 1962-ஆம் ஆண்டுச் சட்டப்படி குழாயின் மேல் கிணறு, குளம் வெட்டக் கூடாது, வீடு கட்டக் கூடாது, மரம் நடக் கூடாது. நெல் நடலாம். அதனால் குழாய் எங்கே போகிறது என்பதே கண்ணுக்குத் தெரியாது.

2017 ஜூன் 30 அன்று, திருவிடைமருதூர் வட்டம் கதிராமங்கலத்தில் ஓஎன்ஜிசி குழாய் ஒன்று கசிந்து கச்சா எண்ணெய் வயலில் பரவியது. மக்கள் திரண்டு, ஆட்சியர் வந்து பார்க்க வேண்டும் என்று உட்கார்ந்தார்கள். கசிவுக்கு அருகே தீ எரிந்தது. மூட்டியது யார் என்பதில் இரு தரப்பும் ஒன்றையொன்று கைகாட்டின. தடியடி நடந்தது. மீத்தேன் எதிர்ப்புக் கூட்டமைப்பின் பேராசிரியர் த. ஜெயராமன் உள்ளிட்டோர் கைதானார்கள். கடையடைப்பும் போராட்டமும் மாதக்கணக்கில் நீண்டன. அந்த அரசியலைப் பற்றி நிறைய எழுதியாகிவிட்டது. நான் பார்க்க விரும்புவது அந்த நாளின் தேதியை. வழக்கமாக ஜூன் 12-இல் மேட்டூர் திறந்தால், ஜூன் கடைசியில் டெல்டா வாய்க்கால்களில் தண்ணீர் ஓடிக்கொண்டிருக்கும். அந்த ஆண்டு மேட்டூர் திறந்தது அக்டோபர் 2-இல். காவிரித் தண்ணீர் வராத வறண்ட ஜூன் அது. ஊரையே அழ வைத்த வறட்சிதான் அன்று அந்த எண்ணெயை விழுந்த இடத்திலேயே பிடித்து வைத்தது. முழு ஓட்டத்தில் ஒரு வாய்க்கால் பக்கத்தில் இருந்திருந்தால் எத்தனை ஊர் கடந்திருக்கும் என்பதை மேலே போட்ட வேலிக் கணக்கே சொல்லும்.

தண்ணீர் இருந்த இடத்தில் என்ன ஆகும் என்பதை 2023 மார்ச் தொடக்கத்தில் நாகூர் பட்டினச்சேரி காட்டியது. பனங்குடி ஆலையிலிருந்து கடலுக்குள் போகும் குழாய் கரையோரம் உடைந்து கச்சா எண்ணெய் அலையோடு கலந்தது. மீனவர்கள் கேட்டது குழாயைச் சரிசெய்வதை அல்ல, மொத்தமாக எடுப்பதை. 2020-இல் வந்த பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டம் புதிய எண்ணெய்க் கிணறுகளுக்குத் தடை போட்டது. முன்பே இருப்பவற்றுக்கு அது பொருந்தாது. குழாய், சாலை, துறைமுகம் போன்றவையும் அதன் வரம்புக்கு வெளியே.

மனித உயிர்க் கணக்குக்கு வருவோம். கதிராமங்கலத்துக்கு ஐந்து நாள் முன்பு, 2017 ஜூன் 25 அன்று, பாகிஸ்தானின் பகவல்பூர் பக்கம் ஒரு பெட்ரோல் டேங்கர் கவிழ்ந்தது. சிந்திய பெட்ரோலைப் பிடிக்க மக்கள் குடத்தோடும் வாளியோடும் ஓடினார்கள். தீப்பிடித்து 200 பேருக்கு மேல் இறந்தார்கள். பேராசை என்று சொல்வது எளிது. ஒரு லிட்டர் பெட்ரோல் ஒரு நாள் கூலியில் எவ்வளவு பெரிய பங்கு என்று தெரிந்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள்.

எரிவாயு இன்னும் மோசம். திரவமாக அடைத்துவைத்திருப்பது வெளியே வந்தால் 250 மடங்குக்கு மேல் விரியும், காற்றைவிடக் கனமாதலால் மடை பார்த்துத் தாழ்விடத்துக்கு ஓடும். 2012 ஆகஸ்ட் 27 இரவு கண்ணூர் அருகே சாலாவில் சாலைத் தடுப்பில் மோதிக் கவிழ்ந்த டேங்கரிலிருந்து வாயு வீடுகளுக்குள் புகுந்து பற்றியதில் 20 பேர் மடிந்தார்கள். 2025 ஜனவரி 3 விடியற்காலையில் கோவை அவிநாசி சாலை மேம்பாலத்தில் 18 டன் எரிவாயு டேங்கர் கவிழ்ந்து கசிந்தது. தீயணைப்புத் துறை மணிக்கணக்கில் தண்ணீரைப் பீய்ச்சிக்கொண்டே இருந்தது, அக்கம்பக்கத்துப் பள்ளிகளுக்கு விடுமுறை விட்டார்கள், போக்குவரத்தைத் திருப்பினார்கள், கசிவை அடைத்து வண்டியைத் தூக்கினார்கள். ஓர் உயிர்கூடப் போகவில்லை. ஒன்றுமே நடக்காததால் அந்தச் செய்தி இரண்டாம் நாளே மறைந்துவிட்டது. என்னைக் கேட்டால் பாடப்புத்தகத்தில் வைக்க வேண்டிய நாள் அது.

குளோரினைப் பற்றி ஒரு சொல். குடிநீரைச் சுத்திகரிக்க 900 கிலோ உருளைகளில் போகும் குளோரின், காற்றைவிட இரண்டரை மடங்கு கனம். ஆபத்தென்றால் வாய்க்காலுக்குள் குதித்துப் படுத்துக்கொள்ளும் பழக்கம் இங்கே உயிரை வாங்கும். கரைமேல் ஏற வேண்டும், காற்றுக்குக் குறுக்கே விலக வேண்டும். ஆடியில் மேல்காற்றும் ஐப்பசியில் வாடையும் எந்தப் பக்கமிருந்து வரும் என்று இந்த ஊர்க்காரர்களுக்கு யாரும் கற்பிக்க வேண்டியதில்லை.

கீழே இருப்பவர்களுக்கு முன்கூட்டியே சொல்வது எப்படி என்பதற்கு வெளியூரில் ஒரு பாடம் உண்டு. 1986 நவம்பர் 1 அன்று சுவிட்சர்லாந்தின் பேசல் நகருக்கு அருகே சாண்டோஸ் நிறுவனத்தின் கிடங்கு எரிந்தது. தீயை அணைத்த தண்ணீரே பூச்சிக்கொல்லிகளை ரைன் ஆற்றுக்குள் கழுவிச் சென்றது. ஆறு சிவந்தது, விலாங்கு மீன்கள் கூட்டம் கூட்டமாகச் செத்து மிதந்தன. நஞ்சு ஜெர்மனியைக் கடந்து நெதர்லாந்து வரை போனது. அந்த அடிக்குப் பிறகு ரைன் கரை நாடுகள் எச்சரிக்கை ஏற்பாட்டைப் பலப்படுத்தின. மேலே ஒரு பொருள் கொட்டினால் அது எந்த ஊருக்கு எத்தனை மணிக்குப் போய்ச் சேரும் என்று கணக்கிட்டுக் கீழே இருப்பவர்களுக்குச் சொல்லிவிடுகிறார்கள். அவர்கள் குடிநீர்க் குழாயை மூடிக்கொள்கிறார்கள்.

நமக்கு அந்தக் கணக்கு இன்னும் எளிது. வாய்க்கால் தண்ணீர் மணிக்கு இரண்டு மூன்று கிலோமீட்டர் போகும். சைக்கிளில் ஒரு பையன் அதை முந்திவிடுவான். கைபேசிக்கு அவன்கூட வேண்டாம். ஆனால் யாரை அழைப்பது? மோட்டார் வாகன விதி, விபத்து நடந்தால் ஓட்டுநர் அருகிலுள்ள காவல் நிலையத்துக்கும் வண்டி உரிமையாளருக்கும் உடனே சொல்ல வேண்டும் என்கிறது. நீர்வளத் துறை அந்த வரிசையில் இல்லை. லஸ்கர் இல்லவே இல்லை. மதகுச் சாவியும் கைப்பிடியும் வைத்திருக்கும், கரை நெடுக நடந்து தேயும் அந்தக் கடைநிலை ஊழியர்தான் இந்த விஷயத்தில் முதல் பத்து நிமிடத்துக்கு ஆட்சியரைவிட முக்கியமானவர். ஷட்டரை எத்தனை சுற்று இறக்கினால் அடுத்த ஊருக்கு எவ்வளவு குறையும் என்று கணக்குப் பார்க்காமல் சொல்லக்கூடியவர் அவர். அபாயப் பொருள் வண்டி ஓட்டுபவருக்கு மூன்று நாள் தனிப் பயிற்சி கட்டாயம் என்று விதி இருக்கிறது. லஸ்கருக்கு ஒரு பிற்பகல் போதும். மேலே சொன்ன எண்களும், எது மிதக்கும் எது கரையும் என்பதும், பெட்ரோல் என்றால் கதவை இறக்கிவிட்டு உடனே விலகு என்பதும் தெரிந்தால் போதும். மதகுச் சுவரில் பெயிண்டால் எழுதி வைத்தாலும் ஆகும். கட்சிச் சின்னங்களுக்கு இடம் கிடைக்கிறதே.

லஸ்கருக்கு அந்தப் பயிற்சி வரும்வரை நாமே செய்ய வேண்டியது கொஞ்சம் உண்டு. கவிழ்ந்த டேங்கரைப் பார்த்தால் கிட்டே போகாதீர்கள். தூரத்திலிருந்தே பலகையைப் படம் எடுங்கள். 112-க்கோ 101-க்கோ அந்த எண்ணைச் சொல்லுங்கள். சமையல் எரிவாயு கசிந்தால் 1906. அடுத்த அழைப்பு மதகுக்கு. உங்கள் ஊர் லஸ்கரின் கைபேசி எண் பக்கத்து வீட்டு விவசாயியிடம் நிச்சயம் இருக்கும். கேட்டு வாங்கி இந்தப் பக்கத்தின் ஓரத்திலேயே எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.